பாடமும் போனில், இடைஞ்சலும் போனில்: குரூப் 4-க்கு எப்படிப் படிப்பது?

கேள்வி: வீட்டிலிருந்தே டிஎன்பிஎஸ்சி குரூப் 4 தேர்வுக்குப் படிக்கிறேன். நோட்ஸ் எல்லாம் டெலிகிராமில், வகுப்பெல்லாம் யூடியூபில். காலை ஆறு மணிக்கு உட்கார்ந்தால் இரவு வரை போனும் கையுமாகத்தான் இருக்கிறேன். ஆனால் இரண்டு மணி நேரம்கூட உருப்படியாகப் படித்த மாதிரி தெரியவில்லை. இன்ஸ்டாகிராமை மூன்று முறை நீக்கிவிட்டு மறுபடி போட்டாயிற்று. போனை விடவும் முடியவில்லை, வைத்துக்கொண்டு படிக்கவும் முடியவில்லை. என்ன செய்வது?

பதில்:

முதலில், உங்களுக்கு மனவுறுதி இல்லை என்று நினைத்து உங்களையே திட்டிக்கொள்வதை விட்டுவிடுங்கள். இன்ஸ்டாகிராமை மூன்று முறை நீக்கியவருக்கு உறுதிக்குக் குறைவில்லை. பாடமும் ரீல்ஸும் ஒரே பெட்டிக்குள் கிடக்கின்றன, அதுதான் சிக்கல். பாடத்துக்காகப் பெட்டியைத் திறக்கும் ஒவ்வொரு முறையும் மற்றதைத் தாண்டித்தான் போக வேண்டியிருக்கிறது. ஒரு நாளைக்கு நாற்பது முறை தாண்டினால் ஐந்து முறையாவது கால் இடறத்தான் செய்யும்.

இடறுவது எப்படி நடக்கிறது என்று கொஞ்சம் கிட்டப் போய்ப் பாருங்கள். காலை 6.10. எட்டாம் வகுப்பு சமூக அறிவியல் பிடிஎஃப் எடுக்க டெலிகிராமைத் திறக்கிறீர்கள். மேலே ஒரு சேனலில் படிக்காத செய்தி இருநூற்றுச் சொச்சம். 'இன்றைய வினா' என்று ஒரு க்விஸ். தொட்டால் தவறான விடை. சரியான விடை ஏன் அது என்று கீழே சண்டை போய்க்கொண்டிருக்கிறது, அதையும் படிக்கிறீர்கள். அங்கே ஒருவர் 'இந்த முறை கட் ஆஃப் எவ்வளவு வரும்?' என்று ஒரு யூடியூப் லிங்க் போட்டிருக்கிறார். பன்னிரண்டு நிமிட வீடியோ. முடிந்ததும் கீழே இன்னொன்று. மணி 6.50. பிடிஎஃப் இன்னும் திறக்கவில்லை.

இந்த நாற்பது நிமிடத்தில் நீங்கள் சினிமா பார்க்கவில்லை, யாரோடும் அரட்டை அடிக்கவில்லை. தொட்டது எல்லாவற்றிலும் டிஎன்பிஎஸ்சி என்ற பெயர் இருந்தது. அதனால்தான் குற்ற உணர்வும் வரவில்லை. இன்ஸ்டாகிராமை நீக்கியும் பலன் இல்லாமல் போனதற்குக் காரணம் இதுவே. உங்கள் நேரத்தில் பெரும்பகுதி படிப்பின் பெயரிலேயே ஒழுகிக்கொண்டிருக்கிறது.

போன் ஏன் இவ்வளவு இழுக்கிறது என்பதையும் தெரிந்துகொள்ளுங்கள். அடுத்த பக்கம் என்று ஒன்றைத் தொடாமலே தள்ளத் தள்ள வந்துகொண்டே இருக்கும் திரையை 2006-இல் உருவாக்கியவர் ஏசா ராஸ்கின் என்ற வடிவமைப்பாளர். பின்னாளில் அதற்காக வருத்தப்பட்டு வெளிப்படையாகவே பேசினார். புத்தகத்தில் பாடம் முடியும், பக்கம் முடியும், அங்கே கை நிற்கும். இதில் நிற்கும் இடமே கிடையாது. அதோடு, எப்போது நல்லது கிடைக்கும் என்று சொல்ல முடியாத பரிசுதான் உயிர்களை அதிகம் இழுக்கும் என்பதை ஸ்கின்னர் என்ற உளவியலாளர் புறாக்களை வைத்து முன்பே காட்டியிருக்கிறார். பத்து செய்தியில் ஒன்று பயனுள்ளதாக இருக்கும் டெலிகிராம் சேனலும் அந்த மாதிரிதான். பத்துமே குப்பை என்றால் நீங்கள் என்றைக்கோ வெளியேறியிருப்பீர்கள்.

இன்னொரு கணக்கு. குரூப் 4 தேர்வில் 200 கேள்வி, மூன்று மணி நேரம். ஒரு கேள்விக்கு 54 விநாடி. கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தின் இர்வைன் வளாகத்தில் குளோரியா மார்க் என்ற ஆய்வாளர் ஆண்டுக்கணக்காக அளந்து பார்த்ததில், கணினித் திரையில் மனிதர்கள் ஒரே இடத்தில் நிலைக்கும் நேரம் 2004 வாக்கில் சராசரியாக இரண்டரை நிமிடமாக இருந்தது, அண்மை ஆண்டுகளில் 47 விநாடி அளவுக்கு இறங்கிவிட்டது. 47 விநாடிக்கு ஒருமுறை தாவிப் பழகிய மனத்தைக் கொண்டுபோய் மூன்று மணி நேரம் தொடர்ந்து உட்கார வைக்கப் போகிறீர்கள். ஆகவே பாடத்தோடு சேர்த்து, உட்காருவதையும் பயிற்சி செய்தாக வேண்டும்.

இனி செய்ய வேண்டியது.

முதல் மூன்று நாள் எதையும் மாற்றாமல் அளந்து மட்டும் பாருங்கள். ஆண்ட்ராய்டு போனில் செட்டிங்ஸுக்குள் 'டிஜிட்டல் வெல்பீயிங்' என்று இருக்கும். எந்த ஆப்பில் எவ்வளவு நேரம், போனை எத்தனை முறை திறந்தீர்கள், எத்தனை நோட்டிஃபிகேஷன் வந்தது என்ற மூன்றையும் இரவில் ஒரு தாளில் குறியுங்கள். மொத்த நேரத்தைவிடத் திறந்த எண்ணிக்கையைக் கவனியுங்கள். மூன்று மணி நேரம் பார்த்ததைவிட, அதைத் தொண்ணூறு துண்டாகப் பார்த்ததுதான் படிப்பைக் கெடுத்திருக்கும். ஒரு வேலையை விட்டு அடுத்ததற்கு மாறும்போது கவனத்தில் ஒரு பகுதி பழையதிலேயே தங்கிவிடுகிறது என்பதை 2009-இல் சோஃபி லெராய் என்ற ஆய்வாளர் பதிவு செய்தார். கட் ஆஃப் சண்டையைப் படித்துவிட்டுப் புத்தகத்துக்குத் திரும்பினால், கண் வரியில் ஓடும், மனம் கட் ஆஃபில் இருக்கும்.

அடுத்ததுதான் மிக முக்கியமானது: பாடத்தைப் போனுக்கு வெளியே எடுங்கள். இதை மட்டும் செய்தாலே பாதிச் சிக்கல் தீர்ந்துவிடும். குரூப் 4 பத்தாம் வகுப்புத் தரத் தேர்வு. 300 மதிப்பெண்ணில் 150 தமிழுக்கு. 100 கேள்வி. அதில் 60 மதிப்பெண் எடுக்காவிட்டால் மற்ற பகுதியைத் திருத்தவே மாட்டார்கள். மீதி 100 கேள்வியில் 75 பொது அறிவு, 25 திறனறிவுக் கணக்கு. இவற்றில் பெரும்பகுதிக்கு அடிப்படை ஆறு முதல் பத்து வரையிலான பள்ளிப் பாடநூல்கள். ஆக உங்களுக்குத் தேவையான சரக்கு ஒரு அலமாரித் தட்டுக்குள் அடங்கிவிடும். டெலிகிராமில் இருக்கும் நானூறு பிடிஎஃப்பும் இந்தப் புத்தகங்களையே சுருக்கியும் திருப்பியும் போட்டவைதான்.

அச்சுப் புத்தகமாக வாங்குங்கள், பழைய புத்தகக் கடையில் கிடைத்தாலும் சரி. பதிப்பு மட்டும் இப்போது நடைமுறையில் உள்ள பாடத்திட்டத்தினுடையதா என்று பார்த்து வாங்குங்கள். கிடைக்காததை அரசு இணையதளத்திலிருந்து பிடிஎஃப்பாக எடுத்து, ஜெராக்ஸ் கடையில் இரண்டு பக்கமும் அச்சடித்து ஸ்பைரல் போட்டுக்கொள்ளுங்கள். எல்லாவற்றையும் ஒரேயடியாக அச்சடிக்க வேண்டாம். இரண்டு வாரத்துக்கு வேண்டியதை மட்டும் எடுங்கள். மொத்தமாக அடித்து அடுக்கிவைத்தால் படித்துவிட்ட மாதிரி ஒரு நிறைவு வந்துவிடும். பிடிஎஃப் சேர்ப்பதில் வருவதும் அதே நிறைவுதான். பழைய வினாத்தாள்களைக் கண்டிப்பாக அச்சடியுங்கள்.

நடப்பு நிகழ்வுக்கு ஒரு நாளிதழும் ஒரு மாதத் தொகுப்பும் போதும். நாளிதழுக்கு அரை மணி நேரம். நியமனம், விருது, திட்டம், குறியீட்டெண், விளையாட்டு ஆகியவற்றில் வந்ததை நோட்டில் ஒரு வரியாக எழுதுங்கள். தினமும் நாற்பது நிமிட நடப்பு நிகழ்வு வீடியோ பார்ப்பவர்கள், பத்து வரிச் செய்திக்கு நாற்பது நிமிடம் கொடுக்கிறார்கள்.

வீடியோ வகுப்பை முழுக்க விடச் சொல்லவில்லை. பன்னிரண்டு பக்கப் பாடத்தைப் புத்தகத்தில் இருபத்தைந்து நிமிடத்தில் படித்துவிடலாம், வீடியோவில் அதுவே ஒரு மணி நேரத்துக்கு மேல் போகும். ஆகவே வரலாறு, தமிழுக்கு வீடியோ வேண்டாம். கூட்டுவட்டி, வேலையும் நேரமும் மாதிரிக் கணக்குகளில் முறை புரியாதபோது மட்டும் பாருங்கள். முந்தின இரவே டவுன்லோட் செய்து வைத்து, மறுநாள் ஃப்ளைட் மோடில் ஓட்டுங்கள். ஆசிரியர் கணக்கை எழுதி முடித்ததும் நிறுத்தி, திரையைக் கவிழ்த்துவிட்டு அதே கணக்கை நீங்களே தாளில் போட வேண்டும். பார்க்கும்போது புரிவது வேறு, பென்சில் பிடிக்கும்போது வருவது வேறு.

இவ்வளவும் ஆனபிறகு, கணக்கு வீடியோ ஓட்டும் நேரம் தவிர, போனுக்குப் படிப்பு மேசையில் வேலையே இல்லை. அடுத்த அறையில், சார்ஜரில், கவிழ்த்து வையுங்கள். மேசையிலேயே சைலென்ட்டில் வைத்தால் போதாதா என்று கேட்பீர்கள். போன் மேசையில் இருந்தவர்களைவிட அடுத்த அறையில் இருந்தவர்கள் நினைவாற்றல் சோதனையில் நன்றாகச் செய்தார்கள் என்று 2017-இல் டெக்சாஸ் பல்கலைக்கழகத்தார் ஓர் ஆய்வு வெளியிட்டார்கள். பின்னால் வந்த ஆய்வுகள் எல்லாம் அதை அப்படியே உறுதி செய்யவில்லை. அந்த ஆய்வையே நம்பி நான் சொல்லவில்லை. காரணம் எளிது: கைக்கு எட்டும் தூரத்தில் இருந்தால் எடுத்தபிறகுதான் எடுத்தோம் என்பதே தெரியும். எழுந்து பதினைந்து அடி நடக்க வேண்டும் என்றால், அந்த நடையிலேயே பாதி நேரம் புத்தி வந்துவிடும். நேரம் பார்க்க ஒரு சாதாரண மேசைக் கடிகாரம் வாங்குங்கள். மணி பார்க்க எடுத்த போன் சும்மா திரும்பிப் போகாது.

வீட்டிலிருந்து அவசர அழைப்பு வருமே என்ற பயம் நியாயமானது. 'டூ நாட் டிஸ்டர்ப்' போட்டு, அதில் வீட்டார் நால்வர் எண்ணுக்கு மட்டும் அனுமதி கொடுங்கள். ஆண்ட்ராய்டில் 'ரிப்பீட் காலர்ஸ்' என்ற வசதியும் உண்டு. ஒரே ஆள் பதினைந்து நிமிடத்துக்குள் இரண்டாம் முறை அழைத்தால் மணி அடிக்கும். இதை வீட்டில் சொல்லிவையுங்கள்: அவசரம் என்றால் இரண்டு முறை கூப்பிடுங்கள். சத்தம் கேட்கும் அளவுக்கு அடுத்த அறை பக்கத்தில் இருந்தால் போதும்.

டெலிகிராமில் மாதிரித் தேர்வு வைக்கும் குழு (டெஸ்ட் பேட்ச்) ஒன்றே ஒன்றை மட்டும் வைத்துக்கொண்டு மற்ற எல்லாச் சேனலிலிருந்தும் வெளியேறுங்கள். மியூட் செய்வது போதாது, எண்ணிக்கை கண்ணில் பட்டுக்கொண்டே இருக்கும். யூடியூபில் வாட்ச் ஹிஸ்டரியை நிறுத்தி, பழையதையும் அழித்துவிடுங்கள். 2023 ஆகஸ்டிலிருந்து, அப்படிச் செய்தவர்களுக்கு முகப்பில் பரிந்துரை வீடியோக்கள் வருவதில்லை, தேடும் பெட்டி மட்டும் இருக்கும். என்ன வேண்டும் என்று தெரிந்து போனவருக்கு அது போதும். ஆப் டைமரை மட்டும் பெரிதாக நம்பாதீர்கள். ஆப்களை முடக்கி வைக்கும் போக்கஸ் மோடிலேயே 'ஐந்து நிமிடம் பயன்படுத்து' என்று ஒரு கதவு இருக்கிறது. அந்த ஐந்து நிமிடத்தை நான்கு முறை தொடுவது எளிது.

போனுக்கென்று இரண்டு வேளை ஒதுக்குங்கள். மதியம் சாப்பாட்டுக்குப் பின் அரை மணி, இரவு எட்டு மணிக்கு அரை மணி. முற்றிலும் தடை போட்டால் மூன்றாம் நாள் உடையும். இன்னும் நான்கு மணி நேரத்தில் பார்க்கலாம் என்று தெரிந்தால் மனம் ஓரளவு சமாதானமாகிவிடும். படிக்கும்போது 'அந்த மாணவர் சேர்க்கை எப்போது?', 'அக்காவுக்குப் பதில் அனுப்பவில்லையே', 'ஹால் டிக்கெட் வந்துவிட்டதா?' என்று எட்டிப் பார்க்கும் நினைப்புகளுக்கு மேசையில் ஒரு வெள்ளைத் தாள் வையுங்கள். தோன்றியதை மூன்று சொல்லில் எழுதிவிட்டுப் பாடத்துக்குத் திரும்புங்கள். முதல் நாள் தாளில் இருபது இருக்கும். மதியம் எடுத்துப் பார்த்தால் அதில் பதினைந்துக்கு எதுவும் செய்ய வேண்டியிருக்காது.

உட்காரும் அளவு. இப்போதைய நிலையில் எடுத்தவுடன் இரண்டு மணி நேரம் முடியாது. 25 நிமிடப் படிப்பு, 5 நிமிட இடைவேளை என்று தொடங்குங்கள். ஒரு நாளைக்கு ஆறு முறை. கூட்டினால் இரண்டரை மணி நேரம்தான். குறைவாகத் தோன்றும். ஆனால் இப்போது உங்களுக்கு இரண்டு மணி நேரம்கூடக் கிடைக்கவில்லை என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள். நான்கு நாளைக்கு ஒருமுறை ஐந்து நிமிடம் கூட்டுங்கள். மூன்று வாரத்தில் 50 நிமிடம் வந்துவிடும். அங்கே நிறுத்தி, இடைவேளையைப் பத்து நிமிடமாக்கி, எண்ணிக்கையைக் கூட்டுங்கள். ஆறு முறை ஐம்பது நிமிடம், அதாவது ஐந்து மணி நேரம் முழுக் கவனத்தோடு படித்தால் அது பெரிய படிப்பு. அதற்குமேல் ஆசைப்பட்டால் மறுநாளைக் கெடுத்துக்கொள்வீர்கள்.

இடைவேளையில் பலர் தவறுகிறார்கள். ஐந்து நிமிடம் போன் பார்ப்பது ஓய்வு கிடையாது, இன்னொரு பாடத்தைத் திணிப்பது. தண்ணீர் குடியுங்கள், மாடிக்குப் போய்க் கொடியில் துணியை எடுங்கள், சும்மா நில்லுங்கள். கண் தூரத்தில் எதையாவது பார்க்கட்டும்.

அந்த 25 நிமிடத்துக்குள் என்ன செய்கிறீர்கள் என்பது அடுத்த கேள்வி. திரும்பத் திரும்ப வாசிப்பதும், கலர் பேனாவால் கோடு போடுவதும் படித்த உணர்வைத் தரும், பரீட்சையில் கைகொடுக்காது. 2006-இல் ரோடிகர், கார்ப்பிக் என்ற இரு ஆய்வாளர்கள் மாணவர்களை இரண்டு விதமாகப் படிக்கச் செய்தார்கள். சிலர் பத்தியை மறுபடி மறுபடி வாசித்தார்கள். சிலர் வாசித்தபின் மூடிவைத்து நினைவிலிருந்து எழுதினார்கள். ஐந்து நிமிடம் கழித்துக் கேட்டால் வாசித்தவர்களே முந்தினார்கள். ஒரு வாரம் கழித்துக் கேட்டபோது எழுதிப் பார்த்தவர்கள் நன்றாக முந்திவிட்டார்கள். உங்கள் பரீட்சை ஐந்து நிமிடத்தில் நடக்கப் போவதில்லை.

வேலூர்ப் புரட்சியை எடுத்துக்கொள்வோம். பாடத்தைப் பதினைந்து நிமிடம் வாசியுங்கள். புத்தகத்தை மூடுங்கள். வெற்றுத் தாளில் பத்து நிமிடம், நினைவில் இருப்பதை மட்டும் எழுதுங்கள். 1806 வரும். புதிய தலைப்பாகை வரும். சமயக் குறி அணியக் கூடாது, தாடி வைக்கக் கூடாது என்ற கட்டளை வரும். திப்புவின் மகன்கள் கோட்டையில் இருந்தது வரும். ஜூலை 10 என்ற தேதி வராமல் போகலாம். ஆற்காட்டிலிருந்து படையோடு வந்தவர் கில்லஸ்பி, கோட்டையில் கொல்லப்பட்டவர் பேன்கோர்ட், இந்த இரண்டும் குழம்பும். வில்லியம் பெண்டிங்க் ஆளுநரா, ஜான் கிரடாக் ஆளுநரா என்பது கட்டாயம் குழம்பும். இப்போது புத்தகத்தைத் திறந்து, விட்டதைச் சிவப்பு மையில் எழுதுங்கள்: பெண்டிங்க் சென்னை ஆளுநர், கிரடாக் தலைமைத் தளபதி, இருவரையுமே பிறகு திரும்ப அழைத்துக்கொண்டார்கள். 'பொருத்துக' கேள்வி இந்தச் சிவப்பு வரிகளிலிருந்துதான் வரும். வாசித்துக்கொண்டே போயிருந்தால் இந்தக் குழப்பம் இருப்பதே தேர்வு அறையில்தான் தெரிந்திருக்கும்.

அந்தத் தாளின் மூலையில் தேதி போடுங்கள். மறுநாள், ஏழாம் நாள், முப்பதாம் நாள் என்று மூன்று முறை, சிவப்பு வரியை மறைத்துக்கொண்டு சொல்லிப் பாருங்கள். ஒரு தாளுக்கு மூன்று நிமிடம் ஆகும். தினமும் முதல் 25 நிமிடத்தை இதற்கே கொடுத்துவிடலாம். மூடிவைத்து எழுதுவது கஷ்டமாக இருக்கும். அந்தக் கஷ்டத்துக்கு இன்னொரு பயனும் உண்டு. கை எழுதிக்கொண்டிருக்கும்போது மனம் அலைவது குறைவு.

எங்கெங்கே வழுக்கும் என்பதையும் முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன். இன்ஸ்டாகிராமை எடுத்த இடத்தில் யூடியூப் ஷார்ட்ஸ் வந்து உட்காரும். அதையும் எடுத்தால் பிரவுசரில் திறப்பீர்கள். மதியம் இரண்டு முதல் நான்கு வரை தூக்கம் இழுக்கும்போதுதான் கை போனைத் தேடும். அந்த நேரத்துக்கு வரலாறு வைக்காதீர்கள், கணக்கு வையுங்கள், அல்லது இருபது நிமிடம் படுத்து எழுந்துவிடுங்கள். உத்வேக வீடியோக்கள் இன்னொரு பொறி. இருபது நிமிடம் பார்த்தால் உடல் சிலிர்க்கும், பாடத்தில் ஒரு வரிகூட நகர்ந்திருக்காது. இரவில் தலையணைக்கு அடியில் போன் இருந்தால் காலை ஆறு மணிப் படிப்பு முந்தின இரவு பன்னிரண்டுக்கே போய்விடும். சார்ஜர் கூடத்தில் இருக்கட்டும், எழுப்ப அதே மேசைக் கடிகாரம்.

ஒருநாள் முழுக்கக் கோட்டை விட்டுவிட்டால், மறுநாள் பத்து மணி நேரம் படித்து ஈடுகட்டப் பார்க்காதீர்கள். மூன்றாம் நாளும் போய்விடும். மறுநாள் வழக்கமான அளவையே படியுங்கள், முதல் அமர்வை மட்டும் 15 நிமிடமாகக் குறைத்துத் தொடங்குங்கள்.

வீட்டில் டிவி சத்தம், ஒரே அறை, தம்பி தங்கை என்றால் நூலகம் போங்கள். மாவட்ட மைய நூலகங்களிலும் பல ஊர்க் கிளை நூலகங்களிலும் போட்டித் தேர்வுக்குப் படிப்பவர்கள் உட்காருகிறார்கள். பல நகராட்சிகளில் 'நூலகம் மற்றும் அறிவுசார் மையம்' என்று தனியாகவே கட்டியிருக்கிறார்கள். சென்னையில் கோட்டூர்புரம் அண்ணா நூற்றாண்டு நூலகம், மதுரையில் 2023-இல் திறந்த கலைஞர் நூற்றாண்டு நூலகம் இரண்டும் இதற்குப் பேர்போனவை. சுற்றிலும் நாற்பது பேர் குனிந்து படிக்கும்போது போனை எடுக்கக் கை கொஞ்சம் கூசும். அங்கேயும் வைஃபை பாஸ்வேர்ட் கேட்காதீர்கள்.

நான்காவது வாரத்திலிருந்து ஞாயிற்றுக்கிழமை காலை முழு மாதிரித் தேர்வு. சரியாக 9.30-க்கு உட்கார்ந்து 12.30-க்கு எழ வேண்டும். அச்சடித்த வினாத்தாள், ஜெராக்ஸ் எடுத்த ஓஎம்ஆர் விடைத்தாள், கறுப்பு பால்பாயிண்ட் பேனா, ஒரு பாட்டில் தண்ணீர். நடுவே எழக் கூடாது. எந்தக் கேள்வி எண்ணில் மனம் முதன்முதலாக வெளியே போனது என்று ஓரத்தில் ஒரு புள்ளி வையுங்கள். முதல் ஞாயிறு அது நாற்பதாம் கேள்விக்கு முன்பே விழலாம். மதிப்பெண்ணுக்குப் பக்கத்தில் அந்த எண்ணையும் எழுதி, வாராவாரம் அது எவ்வளவு தள்ளிப் போகிறது என்று பாருங்கள்.